லைட் ஸ்டாண்டைப் பார்த்து அழுதவர்

அப்பா செத்த அன்று சாயங்காலம், அவருக்கு அஞ்சலி என்று டிவியில் ஒரு காட்சியைப் போட்டார்கள். இரண்டு நிமிடமும் ஹீரோவின் முகம்தான். அப்பாவின் தோள்பட்டை மட்டும் ஓரமாகத் தெரிந்தது. ரிமோட்டைச் சுவரில் விட்டெறிந்தேன்.

படப்பிடிப்பில் அப்பாவுக்கு 'ஸ்டெப்னி' என்று பெயர். எவன் வரவில்லையோ அவனுக்குப் பதிலாக மாட்டிவிடலாம். நீதிபதி, பிச்சைக்காரர், கடத்தல்காரனின் கணக்குப்பிள்ளை, எல்லாம் அவர்தான். முப்பத்தாறு வயதில் நாற்பது வயது ஹீரோவுக்கு அப்பாவாக நடித்தார். கடைத்தெருவில், "நீங்க அவர்தானே?" என்பார்கள். எவர் என்று ஒருத்தருக்கும் தெரியாது. "ஆமா, அவரேதான்" என்று அப்பா பல்லைக் காட்டுவார். எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

வீட்டில் மட்டும் அவருக்கு எந்த வேடமும் இல்லை. அம்மாவுக்கு வயிற்றில் ஆபரேஷன் நடந்த அன்று, அவர் டாக்டர் கோட்டு போட்டுக்கொண்டு ஸ்டுடியோவில் வேறு யாருக்கோ ஆபரேஷன் செய்துகொண்டிருந்தார். மறுநாள் ஆஸ்பத்திரிக்கு வந்து, அதே டாக்டர் குரலில், "இனிமே பயப்பட ஒண்ணுமில்ல" என்றார். அம்மா தையலைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். நான் ஒரு வருஷம் அவரோடு பேசவில்லை.

அவருக்கு ஒரே ஒரு ஆசை. குளோசப்பில் நடிக்கும்போது எதிரே ஒரு மனுஷ முகம் இருக்க வேண்டும். ஹீரோவுக்கு குளோசப் எடுக்கும்போது, அப்பா கேமராவுக்குப் பக்கத்தில் நின்று வசனம் சொல்வார். அப்பாவின் முறை வந்தால் ஹீரோ கேரவனுக்குப் போய்விடுவார். ஹீரோ நிற்க வேண்டிய இடத்தில் ஒரு லைட் ஸ்டாண்டை வைத்து, கண் உயரத்துக்கு டேப் ஒட்டுவார்கள். முப்பது வருஷமாக அந்த டேப்பைப் பார்த்துத்தான் அழுதார், கெஞ்சினார்.

ஐம்பத்தெட்டு வயதில்தான் பெரிய காட்சி ஒன்று வந்தது. வீட்டை எட்டிப் பார்க்காத அப்பன் மகனிடம் மன்னிப்புக் கேட்கிறான். இரண்டு நிமிடமும் அவர் மட்டுமே பேச வேண்டும். மறந்துவிட்டுப் போன சர்க்கரை மாத்திரையைக் கொடுக்க நான் அன்று செட்டுக்குப் போயிருந்தேன். முதலில் ஹீரோவுக்கு எடுத்தார்கள். அவருக்கு அழுகை வரவில்லை. ஏழு டேக். ஏழு தடவையும் அப்பா நிஜமாகவே அழுது வசனம் சொன்னார். ஏழாவது தடவை ஹீரோவுக்கும் தொற்றிக்கொண்டது. எல்லோரும் ஹீரோவுக்குக் கைதட்டினார்கள்.

"தம்பி, எனக்கு எடுக்கிறப்ப ஒரு ரெண்டு நிமிஷம் எதிர்ல நின்னா போதும்" என்றார் அப்பா. இப்படி ஒருத்தரிடம் அவர் கேட்டதே இல்லை.

"உங்களுக்கு எதுக்கு சார்? நீங்க செவுத்தைப் பார்த்தே பின்னிடுவீங்க."

தோளைத் தட்டிவிட்டுப் போய்விட்டான் அந்த மகராசன். ஸ்டாண்டைத் தூக்கிக்கொண்டு வந்தார்கள். நான் அதைத் தள்ளிவிட்டு அங்கே நின்றேன்.

"யாரும்மா நீ?" என்று கத்தினார் டைரக்டர்.

"ஸ்டாண்டு. எடுங்க."

அப்பா என்னைப் பார்த்தார். "உனக்கு நான் தேவைப்பட்டப்ப எல்லாம் நான் இல்ல. மன்னிப்புக் கேட்க எனக்கு வாயே வரல. ஆனா கேட்காம போய்ச் சேர முடியாது."

எழுதிக் கொடுத்த வசனம்தான். எனக்குத் தெரியாதா? ஆனால் அவர் கன்னத்துச் சதை துடித்ததே, அதை எவனும் எழுதிக் கொடுக்கவில்லை. நான் அழக் கூடாது என்று பல்லைக் கடித்துக்கொண்டு நின்றேன். கட் சொன்ன பிறகும் அவர் என் முகத்திலிருந்து கண்ணை எடுக்கவில்லை. நான் மாத்திரையைக் கையில் திணித்துவிட்டுக் கிளம்பிவிட்டேன்.

படத்தில் அந்த ஷாட் இல்லை. அதை வைத்தால் ஹீரோ டல்லடிக்கிறாராம். அப்பாவின் குரலை மட்டும் வைத்துக்கொண்டு, ஹீரோவின் முகத்தையே காட்டினார்கள். தியேட்டரில் விசில் பறந்தது. அப்பா என் காதோரம் குனிந்து, "என் தோள் நல்லா வந்திருக்குல்ல?" என்றார்.

"சும்மா இருங்கப்பா" என்று எரிந்து விழுந்தேன். கோபம் யார் மேலோ, வாங்கிக்கட்டிக்கொண்டது அவர்.

நேற்று அந்த டிவிக்காரர்கள் இன்னொரு அஞ்சலிக்காகப் போன் செய்தார்கள். "அப்பா நடிச்சதுலயே உங்களுக்குப் பிடிச்ச சீன் எதுங்க? போட்டுடலாம்."

"உங்களால போட முடியாது" என்றேன். "அதை வெட்டித் தூக்கிப் போட்டுட்டாங்க. அவர் எதிர்ல நின்னு பார்த்தது நான் ஒருத்திதான். பார்த்துட்டு, ஒரு வார்த்தை பதில் சொல்லாம, ஸ்டாண்டு மாதிரியே நின்னுட்டேன்."