காஞ்சிபுரத்துக்கு ஜாடை பேசப் போனோம்

காலை ஐந்து நாற்பதுக்குச் செங்கல்பட்டில் ரயிலைவிட்டு இறங்கினோம், நானும் என் தம்பி சரவணனும். முந்தின நாள் விருதுநகரில் ஏறியது. எனக்கு நாற்பத்திரண்டு வயது, பள்ளிக்கூடத்தில் தமிழ் டீச்சர். அவனுக்கு முப்பத்தொன்று. சிவகாசியில் ஓர் அச்சகத்தில் ஆஃப்செட் மிஷின் ஓட்டுகிறான். பிறந்ததிலிருந்தே காது கேட்காது. அவன் விரல்களில் பேசுவதை மற்றவர்களுக்கு வாயால் சொல்வதும், மற்றவர்கள் வாயால் பேசுவதை அவனுக்கு விரல்களில் சொல்வதும் என் வேலை. என் பதினாறு வயதில் ஆரம்பித்த வேலை.

காஞ்சிபுரத்தில் கற்பகம் என்று ஒரு பெண். நெசவாளர் வீட்டுப் பெண், அவளுக்கும் காது கேட்காது. காது கேளாதவர்களின் வாட்ஸ்அப் குழு ஒன்றில் இருவருக்கும் பழக்கமாகி, நான்கு மாதமாக வீடியோவில் பேசியிருக்கிறார்கள். எனக்குச் சொன்னது மூன்று வாரத்துக்கு முன்னால்தான். பெரியவர்களாகப் பார்த்துக் கல்யாணம் பேச வேண்டுமே என்று நான் கிளம்பிவிட்டேன். எங்களுக்கு அப்பா அம்மா இல்லை.

செங்கல்பட்டு பேருந்து நிலையத்தில் ஆறேகாலுக்கு வண்டி. நாற்பது கிலோமீட்டர், ஒன்றேகால் மணி நேரம், ஆளுக்கு முப்பத்தெட்டு ரூபாய். நடத்துநர் சரவணனிடம் வந்து நின்றார். இவன் இரண்டு விரலைக் காட்டினான்.

"வாயத் தொறந்து ஊரச் சொல்லுப்பா. ஜாடை காட்டிக்கினு இருக்கிற."

"அவனுக்குக் காது கேக்காதுங்க" என்றேன்.

நடத்துநர் ஒரு நொடி தயங்கினார். பிறகு டிக்கெட் கட்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, தன் காக்கிச் சட்டைக்கு மேல் இல்லாத முந்தானை ஒன்றைத் தோளில் போட்டுக் காட்டி, புருவத்தைத் தூக்கினார். காஞ்சிபுரமா என்று கேட்கிறார். சரவணன் சிரித்துத் தலையாட்டினான். வாலாஜாபாத் வரும்வரை அந்த முந்தானையைத் தானும் தோளில் போட்டுப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தான்.

எங்கள் பக்கத்தில் இதைச் சைகை என்போம். ஜாடை என்றால் எங்கள் காதுக்கு முதலில் வருவது முகச்சாயல். "பிள்ளை அப்படியே அவங்க அப்பா ஜாடை" என்பார்கள். அடுத்தது குத்திப் பேசுவது. ஒருத்தியை வைத்துக்கொண்டே, அவளைப் பார்க்காமல் சுவரைப் பார்த்துப் பேசினால் அது ஜாடைப் பேச்சு. கைப்பேச்சு, முகச்சாயல், குத்தல் மூன்றையும் எப்படி ஒரே சொல்லில் வைத்தார்கள் என்று ஜன்னலோரம் உட்கார்ந்து யோசித்தேன். வாத்தியார் புத்தி. வெளியே ஏரிகளில் தண்ணீர் நிறைந்திருந்தது.

ஏழரைக்குக் காஞ்சிபுரம். பேருந்து நிலையத்துக்கு வெளியே சின்ன ஓட்டலில் பொங்கலும் காபியும் சாப்பிட்டோம், இரண்டு பேருக்கும் நூற்றிருபது. பிள்ளையார்பாளையத்துக்கு ஆட்டோ நூறு ரூபாய். தெருவுக்குள் நுழைந்ததும் வீட்டுக்கு வீடு தறிச் சத்தம். சரவணன் ஆட்டோவிலிருந்து இறங்கி, ஒரு வீட்டுச் சுவரில் உள்ளங்கையை வைத்தான். "இந்த வீட்டில் ஓடுகிறது" என்றான். அடுத்த வீட்டுச் சுவரையும் தொட்டுவிட்டு, "இதில் இரண்டு" என்றான். மூன்றாவது வீடுதான் அவர்களுடையது.

கற்பகத்தின் அப்பா ஏகாம்பரத்துக்கு அறுபது வயதிருக்கும். நாங்கள் போனபோது தறிக்குழியில் இருந்தார். அவருக்கு வலப்பக்கம் கற்பகம். கோர்வைப் புடவைக்கு இரண்டு பேர் வேண்டும். உடலை ஒருவர் நெய்ய, வேறு நிறக் கரைக்கான நூல் சுற்றிய நாடாவை இன்னொருவர் வீச வேண்டும். அவர் தறிமரத்தில் ஒரு தட்டுத் தட்டினால் அந்த அதிர்வில் அவள் வீசுகிறாள். இரண்டு தட்டு என்றால் நிறுத்துகிறாள். சரவணனைப் பார்த்ததும் தட்டு எதுவும் வராமலே அவள் நாடாவைக் கீழே வைத்துவிட்டாள். ஏகாம்பரம் மகளைப் பார்த்தார், வாசலைப் பார்த்தார்.

"வாங்கம்மா. ரொம்ப தூரத்துலேர்ந்து வந்துக்கினு இருக்கீங்க, உக்காருங்க" என்று எழுந்து வந்தார்.

அவரும் மகளும் பேசிக்கொள்வது எங்கள் கைமொழி கிடையாது. மூக்கின் பக்கத்தைத் தொட்டால் மூக்குத்தி போட்ட அத்தை. கழுத்தை நீவினால் பட்டு வாங்க வரும் முதலாளி. "எங்க வூட்டு ஜாடைம்மா. வெளியில யாருக்கும் புரியாது" என்றார். கற்பகமோ அவரிடம் அந்த ஜாடையும் சரவணனிடம் பள்ளிக்கூடத்தில் கற்ற கைமொழியுமாக, தலையை இப்படியும் அப்படியும் திருப்பிப் பேசிக்கொண்டிருந்தாள். எனக்கு வேலையே இல்லை. காபி டம்ளரைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

காபி கொடுத்தவர் ஏகாம்பரத்தின் அக்கா தனபாக்கியம். கற்பகத்தின் அம்மா இறந்தபோது பிள்ளைக்கு மூன்று வயதாம். அன்றிலிருந்து வளர்த்தது இவர்தான். என்னையும் தம்பியையும் மாறி மாறிப் பார்த்து, "தம்பி உன் ஜாடையே இல்லியேம்மா" என்றார். அவன் அம்மாவைப்போல என்றேன். தலையாட்டிக்கொண்டார். பிறகு சமையலறைக் கதவைப் பார்த்தபடி, யாருக்கோ சொல்வதுபோலச் சொன்னார்.

"ஒருத்தருக்காவது கேக்கணும். ரெண்டு பேருக்கும் இப்டின்னா, நாளைக்கு ஒரு கொழந்தை அழுதா யாரு காதுல வுழும்?"

சரவணன் என்னைப் பார்த்தான். என்ன சொன்னார்கள் என்று கேட்கிறான். "காபிக்குச் சர்க்கரை போதுமா என்று கேட்கிறார்கள்" என்றேன் கையால். இது எனக்குப் பழக்கம். காயப்படுத்தும் எதையும் நான் அவன்வரை விட்டதில்லை.

கற்பகம் எதிரே இருந்தாள். அத்தையின் உதட்டை இருபத்தைந்து வருடமாகப் படிப்பவள். சட்டென்று சரவணனிடம் கையை ஆட்டி, அத்தை சொன்னதை ஒரு சொல் பிசகாமல் சொன்னாள். அவன் மறுபடி என்னைத்தான் பார்த்தான், வெகுநேரம்.

"கொஞ்சம் கோயில் பக்கம் போய்ட்டு வாரோம்" என்று எழுந்தேன்.

பன்னிரண்டு இருபதுக்கு ஏகாம்பரநாதர் கோயில் வாசலுக்கு வந்தோம். நடை சாத்தும் நேரம், உள்ளே போகவில்லை. கோபுர நிழலில் பூ விற்கும் அம்மாள் ஒருவரின் கூடைக்குப் பக்கத்தில் உட்கார்ந்தோம்.

"இதுவரை எத்தனை தடவை மாற்றிச் சொல்லியிருக்கிறாய்?" என்றான்.

"உனக்கு வலிக்கக் கூடாது என்றுதான்."

"அதைக் கேட்கவில்லை. திருமங்கலத்தில் என்ன நடந்தது?"

ஆறு வருடத்துக்கு முன்னால் திருமங்கலத்தில் ஒரு பெண் பார்த்தோம். அவளுக்கும் காது கேட்காது. அவனுக்குப் பிடித்திருந்தது. ஒரு வாரம் கழித்து, பெண் வீட்டில் வேண்டாமென்று சொல்லிவிட்டார்கள் என்று அவனிடம் சொன்னேன். வேண்டாமென்று தரகரிடம் சொன்னது நான். இரண்டு பேரும் இப்படி இருந்தால் எப்படிக் குடும்பம் நடத்துவார்கள் என்று பயந்தேன். தனபாக்கியம் அம்மாள் காலையில் கேட்ட அதே கேள்வி.

சொன்னேன். 

அவன் கோபப்படுவான் என்று எதிர்பார்த்தேன். மெதுவாகத்தான் கையை அசைத்தான். "அப்படியானால் அந்தப் பெண்ணுக்கு, நான்தான் வேண்டாமென்றேன் என்று சொல்லியிருப்பார்கள்."

அதை நான் இந்த ஆறு வருடத்தில் ஒரு நாள்கூட நினைத்துப் பார்த்ததில்லை.

அவன் முகத்தைக் கோபுரத்தின் பக்கம் திருப்பிக்கொண்டான். காது கேட்கிறவர்கள் கோபித்துக்கொண்டாலும் நாம் பேசுவது அவர்கள் காதில் விழும். இவன் கண்ணை எடுத்துவிட்டால் என் பேச்சு நின்றுவிடும். தோளைத் தொட்டேன், திரும்பவில்லை.

பூக்கார அம்மாள் எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தார். "இன்னாமா, ஜாடையிலயே சண்டை போட்டுக்கினீங்களா?"

"தப்பு என் மேலதாம்மா."

"அப்ப சும்மா ஒக்காரு. அவரா திரும்பட்டும்."

இரண்டு முழம் மல்லி வாங்கிக்கொண்டு சும்மா உட்கார்ந்தேன். முழம் முப்பது ரூபாய். நிழல் எங்களைவிட்டு நகர்ந்துபோயிற்று. வெயிலில் உட்கார்ந்திருந்தோம். மூன்று மணிவாக்கில் அவன் எழுந்து வேட்டியைத் தட்டிவிட்டு என்னைப் பார்த்தான்.

"வா, போவோம். இனிமேல் கூட்டவும் வேண்டாம், குறைக்கவும் வேண்டாம். அந்தப் பெண் வீட்டுக்கு உண்மையைச் சொல்லி எழுது. அவளுக்குக் கல்யாணம் ஆகியிருந்தாலும் எழுது."

"எழுதுகிறேன்" என்றேன்.

மூன்றரைக்கு மறுபடியும் பிள்ளையார்பாளையம். சரவணன் நேரே தனபாக்கியம் அம்மாளுக்கு எதிரே போய் உட்கார்ந்தான். அவன் கை பேச, என் வாய் சொல்லிற்று.

"நீங்க கேட்டது நியாயம். எங்களுக்குத் தெரிஞ்ச ஒரு ஜோடி சிவகாசியில இருக்காங்க. ரெண்டு பேருக்கும் கேக்காது. பிள்ளை அழுதா விளக்கு மினுக்குற கருவி வச்சிருந்தாங்க. ராத்திரி தலையணைக்கு அடியில அதிரும். பிள்ளைக்கு இப்ப அஞ்சு வயசு. கையாலயும் பேசுறான், வாயாலயும் பேசுறான்."

"கரண்டு போச்சின்னா?" என்றார் தனபாக்கியம். இந்தத் தடவை சுவரைப் பார்க்கவில்லை, அவனைப் பார்த்தே கேட்டார்.

"பேட்டரி இருக்கு. அதுவும் போனா, பிள்ளையை நெஞ்சு மேல போட்டுத் தூங்குவேன்."

அந்த அம்மாள் தட்டிலிருந்த முறுக்கை அவன் பக்கம் நகர்த்தினார்.

ஏகாம்பரம் தொண்டையைச் செருமினார். "எல்லாம் சரிதான்பா. பொண்ணு சிவகாசிக்கு வந்துட்டா இந்தத் தறியில எனக்கு அந்தப் பக்கம் யாரு? எனக்காவக் கேக்கலை. அவளுக்கும் இதான் கை வந்த வேலை."

நான் அதைச் சொல்லி முடித்தேன். சரவணன் பதிலைத் தொடங்கினான். தொடங்கிய இரண்டாவது அசைவிலேயே எனக்குப் புரிந்துவிட்டது. என் வாய் நின்றது. அவனும் கையை நிறுத்தினான். எனக்காகக் காத்திருந்தான்.

"கற்பகம் எங்கயும் வர வேண்டாம்" என்று அவனுக்காகச் சொன்னேன். "நான் இங்கயே வந்துருதேன். அச்சகம் எல்லா ஊர்லயும் இருக்கு. நாளைக்கே இங்க ஒரு எடத்துல வந்து பாக்கச் சொல்லியிருக்காங்க. இது ரெண்டு மாசமா யோசிச்ச முடிவு." அதற்கடுத்ததையும் சொன்னேன். "அக்காகிட்ட சொல்லலை. சொன்னா ஏதாவது சொல்லி நிறுத்திருவாளோன்னு பயந்தேன்."

தறி நின்றிருந்த அந்த வீட்டில் பக்கத்து வீட்டுத் தறி மட்டும் கேட்டது. ஏகாம்பரம் என்னைப் பார்த்தார்.

"இது உனக்குத் தெரியாதாம்மா?"

"தெரியாதுங்கய்யா. உங்களோட சேந்து இப்பத்தான் நானும் கேக்கேன்."

"நீ இன்னா சொல்ற?"

சரவணன் என் கையையே பார்த்துக்கொண்டிருந்தான். அவனுக்கும் தெரிய வேண்டுமே என்று வாயாலும் கையாலும் சேர்த்தே சொன்னேன். "எனக்குக் கஷ்டமாத்தான் இருக்கு. ஆனா அவன் சொல்றது சரி."

மல்லிகையைக் கற்பகத்திடம் கொடுத்தேன். அவள் பாதியைக் கிள்ளி என் தலையில் வைத்துவிட்டுத்தான் தான் வைத்துக்கொண்டாள். ஏகாம்பரம் துண்டால் முகத்தைத் துடைத்தார். "நாளைக்குப் பொறக்கறது யாரு ஜாடையில இருந்தா இன்னா, நல்லா இருந்தா சரி" என்றார். தனபாக்கியம் அம்மாள் உள்ளே போய் அடுப்பைப் பற்றவைத்தார். தையில் கல்யாணம் என்று பேசி முடித்தோம்.

ஆறு மணிக்குப் பேருந்து நிலையம். அச்சகத்தைப் பார்க்க வேண்டியிருந்ததால் அவன் அன்றைக்கு ஒரு லாட்ஜில் தங்கினான். எனக்கு மறுநாள் பள்ளிக்கூடம். தனியாக ஏறினேன்.

எங்கள் வீட்டில் ராத்திரிச் சாப்பாடு எப்போதும் மெதுவாகத்தான் நடக்கும். கையில் சோறு இருக்கும்போது பேச முடியாது. பேச்சு வந்தால் சாப்பாடு நின்றுவிடும். இனிமேல் அங்கே நான் வேகமாகச் சாப்பிட்டு முடித்துவிடுவேன். இந்த ஊரில் ஒரு வீட்டில் சாப்பாடு மெதுவாகும்.

வண்டி கிளம்புகிற நேரம். வழியனுப்ப வந்தவர்கள் கீழே நின்று கத்திக்கொண்டிருந்தார்கள், மேலே இருந்தவர்கள் காதில் கைவைத்து "என்னது, என்னது" என்றார்கள். மூடிய கண்ணாடிக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமுமாக நாங்கள் சாவகாசமாகப் பேசினோம். வாடகை வீடு எந்தப் பக்கம் பார்ப்பது, அவன் துணிமணிகளை எப்போது கொண்டுவருவது என்றெல்லாம். அவன் பாதியில் நிறுத்தி, கண்ணாடிக்குக் கிட்டே வந்து என் முகத்தை உற்றுப் பார்த்தான்.

"அழுகிறாயா?"

கண்ணில் தூசி என்று சொல்லக் கை பாதி தூரம் போய்விட்டது. கீழே இறக்கினேன்.

"ஆமாம்" என்றேன்.

அவன் தன் கண்ணைத் தொட்டு, தானும்தான் என்று தலையை ஆட்டினான். வண்டி நகர்ந்தது.