வழி ரொட்டி

என் மனைவி யெவ்ரா, ஊரில் வசதியானவர்களைப் புதைக்கும் வேலிக்குள் கிடக்கிறாள். கல்லில் இருப்பது வேறொருத்தியின் பெயர். அந்தப் பெயருக்குரியவள் இப்போது என் வீட்டு அடுப்படியில் உட்கார்ந்து உப்பில் ஊறப்போட முட்டைக்கோஸ் நறுக்கிக்கொண்டிருக்கிறாள். பெலிஷ் ஊரில் யாரைக் கேட்டாலும் இந்தக் கதையைச் சொல்வார்கள். ஆனால் ரொட்டியை நீட்டிய கை என்னுடையது, அதனால் நானே சொல்லிவிடுகிறேன்.

யெவ்ரா வலிவாங்கி. பல் பிடுங்க, எலும்பு கட்ட, பிள்ளை பெற என்று யாருக்கு வலி வந்தாலும் அவளுக்குத்தான் ஆள் அனுப்புவார்கள். மாற்றுக்காரன் தொப்ரின் இரண்டு பேரையும் தலையோடு தலை முட்டப் படுக்கவைத்து, நெற்றிகளுக்குக் குறுக்கே ஈரத்துணி போட்டு, பெயரை மாற்றி அழைப்பான். அவ்வளவுதான். இவள் அந்த உடம்புக்குள் போய்ப் பல்லைக் கடித்துக்கொண்டு கிடப்பாள். அந்த உடம்புக்காரி இவள் உடம்புக்குள் வந்து, மணிக்கட்டில் சிவப்பு நூலோடு, எங்கள் வீட்டு நாற்காலியில் சொகுசாகக் காலாட்டிக்கொண்டிருப்பாள்.

"இருபத்தோரு தடவ புள்ள வலி பாத்துட்டேன்யா, தூக்கிக் கொஞ்ச ஒண்ணுகூட இல்ல," என்று யெவ்ரா சிரிப்பாள். எனக்குச் சிரிப்பு வராது.

"போதும், விட்டுத் தொலையேன்டி," என்பேன்.

"நான் விட்டா? நீ போய்ப் பெத்துக் குடுப்பியா?"

வாய்க்கொழுப்பு அப்படி. அந்த வாய்க்காகத்தான் அவளைக் கட்டிக்கொண்டேன்.

இந்தத் தொழிலுக்கு ஒரே ஒரு தடை உண்டு. வலிவாங்கியின் உடம்புக்குள் வந்திருப்பவள் அந்த வீட்டு அடுப்பில் சுட்ட ரொட்டியைத் தின்னக் கூடாது. தின்றால் உடம்பு அவளைத் தன் ஆளாக எடுத்துக்கொள்ளும். அப்புறம் தொப்ரின் தொண்டை கிழியக் கத்தினாலும் திரும்பாது. அதனால் அந்த நாட்களில் அடுப்பை அணைத்து, இருக்கும் ரொட்டியை ஆற்றில் போட்டுவிட்டு, வாசல் கதவில் சிவப்புத் துணி கட்டுவார்கள்.

நான் ஓர்வா ஆற்றில் மரம் ஏற்றும் படகுக்காரன். எங்களுக்கும் ஒரு வழக்கம் இருக்கிறது. புறப்படும்போது மனைவி சுட்டுத் தரும் ரொட்டியில் கடைசித் துண்டைத் தின்னாமல் திரும்பக் கொண்டுவந்து அவளுக்கே ஊட்டுவோம். வழி ரொட்டி என்போம். போனவன் முழுசாகத் திரும்பிவிட்டான் என்பதற்கு அது அடையாளம்.

அந்த வருஷம் பனி சீக்கிரமே உருகி ஆறு வேகமெடுத்தது. ஐந்து நாள் முன்னதாகவே ஊர் சேர்ந்துவிட்டேன். படகுத்துறை எங்கள் வீட்டுக்குப் பின்பக்கம். வாசல் வழியாகப் போயிருந்தால் துணியைப் பார்த்திருப்பேன். பாவி நான், பின்கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனேன். அடுப்பு அணைந்துதான் கிடந்தது. விறகு தீர்ந்திருக்கும் என்று நினைத்தேன். யெவ்ரா நாற்காலியில் முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தாள்.

"வந்துட்டேன்டி. வாயத் தொற," என்று துண்டை நீட்டினேன்.

அவள் ரொட்டியைப் பார்த்தாள். பிறகு என்னை ரொம்ப நேரம் பார்த்தாள். யெவ்ராவாக இருந்தால் "மொதல்ல கையக் கழுவுனியா?" என்று கேட்டிருப்பாள். இவளோ சட்டைக் கையை இழுத்து மணிக்கட்டை மூடிக்கொண்டு, துண்டை வாங்கித் தின்றாள். ஒரு துகள் விடாமல் தின்றாள். கடைசியில் உள்ளங்கையை நக்கும்போது சட்டைக் கை நழுவியது. உள்ளே சிவப்பு நூல் தெரிந்தது.

அவளைத் தரதரவென்று இழுத்துக்கொண்டு தொப்ரின் வீட்டுக்கு ஓடினேன். அங்கே தானிய வியாபாரியின் மனைவி இர்செனா, வயிற்றைக் கிழித்துக் கல்லை எடுத்துத் தைத்த நிலையில் கட்டிலில் கிடந்தாள். அந்த உடம்புக்குள் இருந்தது என் யெவ்ரா. அன்று சாயங்காலம் திருப்பி மாற்றுவதாக இருந்ததாம். காயத்தில் காய்ச்சல் ஏற ஆரம்பித்திருந்தது.

தொப்ரின் மூன்று முறை துணியை நனைத்துப் போட்டு மூன்று முறை அழைத்தான். அதற்குப் பிறகு துணியைக் கையில் எடுக்கவே இல்லை.

"என்னய்யா குடுத்த?" என்று கட்டிலிலிருந்து இர்செனாவின் குரல் கேட்டது.

"வழி ரொட்டி."

"மடையா," என்றாள். குரல்தான் வேறு, திட்டியது என் யெவ்ரா. கொஞ்சம் மூச்சு வாங்கிவிட்டு, "அந்த ஒடம்புக்கு எடது காது குளிர் தாங்காது. துணி கட்டிவிடு," என்றாள்.

மூன்றாம் நாள் போய்ச் சேர்ந்தாள்.

வியாபாரி அந்த உடம்பை ஊர்வலமாகக் கொண்டுபோய்ப் புதைத்தான். என்னை வேலிக்கு வெளியே நிறுத்தினார்கள். உயிரோடு நின்ற இர்செனாவைப் பார்த்து, "என் பொண்டாட்டிய மண்ணுல வச்சாச்சு. இவ படகுக்காரன் வீட்டுக்காரி," என்று சொல்லிக் கதவைச் சாத்திவிட்டான். அவள் எங்கே போவாள்? அந்தக் காதைக் குளிரில் விட எனக்கும் மனசு வரவில்லை.

பதினோரு வருஷம் ஆயிற்று. ஒரே கூரை, இரண்டு படுக்கை. அவள் ரொட்டி சுட்டுப் பையில் வைக்கிறாள். நான் கடைசித் துண்டைத் திரும்பக் கொண்டுவந்து வாத்துக்குப் போடுகிறேன். வலி வாங்கச் சொல்லி ஊரில் இன்னும் ஆள் அனுப்புகிறார்கள். அவள் ஒருவருக்கும் போனதில்லை.

இப்போது எனக்கும் வயிற்றில் கல். என் வயசில் கத்திக்குப் படுத்தவர் யாரும் இந்த ஊரில் எழுந்ததில்லை. போன வாரம் அவளிடம் கேட்டேன்.

"என் வலிய வாங்கிக்குவியா?"

"அன்னைக்குத் தெரிஞ்சேதான் தின்னேன், வெசேக். சாகப் பயமா இருந்துச்சு," என்றாள். அதைப் பற்றி அவள் வாய் திறந்தது அதுதான் முதல் தடவை. "வாங்கிக்கறேன். ஆனா அன்னைக்கு வீட்ல ஒரு துண்டு ரொட்டி இருக்கக் கூடாது. சத்தியம் பண்ணு."

பண்ணினேன்.

நாளைக் காலையில் தொப்ரின் வருகிறான். இந்தத் தடவை நூலைக் கட்டிக்கொண்டு, யெவ்ராவின் உடம்போடு அந்த நாற்காலியில் உட்காரப்போவது நான். அவளே அடுப்பை அணைத்தாள், அலமாரியைத் துடைத்தாள், கதவில் துணியும் கட்டினாள். என் படகுப் பையை மட்டும் பார்க்கவில்லை. போன பயணத்துத் துண்டை நான் வாத்துக்குப் போடவில்லை. கொஞ்சம் காய்ந்திருக்கிறது, அவ்வளவுதான்.