இடக்கையால் கூப்பிட்ட தகட்டுப் பெண்

ஜெபசீலன் அண்ணையைப் பற்றி யாரேனும் குறை சொன்னால் எனக்குப் பொல்லாத கோபம் வரும். முதலில் கேளுங்கள், பிறகு சொல்லுங்கள்.

கொக்குவிலில் தன் வீட்டு வளவுக்குள் அவர் ஒரு கொம்பனி நடத்துகிறார். கொம்பனி என்றால் மூன்று பேர்: அவர், வெல்டிங் ஒட்டுவேலை செய்யும் சிமியோன் அண்ணை, நான். கடை வாசலில் நின்று, போகிற வருகிறவர்களைக் கையாட்டிக் கூப்பிடும் தட்டையான ஆளுயரத் தகட்டுப் பொம்மைகள் செய்கிறோம். பழைய வாகனத்துக் கண்ணாடியைத் துடைக்கும் வைப்பர் மோட்டரைப் பின்னால் பூட்டினால் கை நாள் முழுக்க ஆடும். பத்து வருடம் கராஜில் வைப்பர் திருத்தியவருக்கு வந்த யோசனை அது.

நான் தாரிகா. மயிலிட்டியில் அப்பாவோடு வள்ளங்களுக்குப் பெயர் எழுதிப் பழகியவள். வாய் கொஞ்சம் நீளம். இங்கே வருவதற்கு முன் மூன்று இடங்களில் வேலை செய்தேன். மூன்று இடத்திலும் முதல் பிழையோடு, "நாளைக்கு வரவேண்டாம்" என்றார்கள்.

சண்டிலிப்பாயில் புடவைக்கடை திறக்கவிருந்த கமலாவதி அக்காதான் எங்களுடைய முதல் பெரிய ஓடர். சேலை உடுத்த பெண் பொம்மை கேட்டார். நானே சேலை உடுத்து, அலுமாரிக் கண்ணாடி முன் வலது கையைத் தூக்கி நின்று, கண்ணாடியில் தெரிந்ததை அப்படியே படமாகக் கீறினேன். ஜெபசீலன் அண்ணை அதன்படி தகடு வெட்டினார். அழகான பொம்மை, சும்மா சொல்லக்கூடாது.

திறப்பு நாள் காலை எட்டு மணிக்குக் கொண்டுபோய் நிறுத்தினோம். நல்ல நேரம் பதினொன்று இருபது. மோட்டரைப் போட்டதும் கமலாவதி அக்காவின் முகம் கறுத்துவிட்டது.

"தம்பி, என்ன வேலை உது? கடை திறக்கிற நாளிலை சனத்தை இடக்கையாலையோ கூப்பிடுறது? சேலைத் தலைப்பும் வலது தோளிலை கிடக்கு! கழற்றிக்கொண்டு போங்கோ."

ஐயோ, கண்ணாடி! அது இடம் வலம் மாற்றிக் காட்டியதை அப்படியே கீறியிருக்கிறேன். இந்த வேலையும் போச்சு என்று நினைத்தேன்.

ஜெபசீலன் அண்ணை என் பக்கம் திரும்பவே இல்லை. "பிழை என்ரை, அக்கா. நேரத்துக்கு முதல் சரிப்படுத்தித் தாறன்," என்றார்.

எப்படிச் சரிப்படுத்துவது என்று அவருக்கும் தெரியாது. அது அவருடைய முகத்திலேயே தெரிந்தது. அப்போதுதான் எனக்கு வள்ளம் ஞாபகம் வந்தது. ஒரு பக்கம் எழுதி முடித்தால் சுற்றிப்போய் மற்றப் பக்கமும் எழுதுவோம் அல்லவா?

"அண்ணை, திருப்புங்கோ! முதுகை முன்னுக்கு விட்டால் இடக்கை வலக்கை ஆகும். முகத்தை நான் முதுகிலை கீறுறன்."

சிமியோன் அண்ணை மோட்டரைக் கழற்றி மற்றப் பக்கம் பூட்டினார். நான் முகமும் சேலையும் தலைப்பும் புதிதாகத் தீட்டினேன். ஜெபசீலன் அண்ணை பூச்சுக் காயவென மட்டை ஒன்றால் விசிறிக்கொண்டே நின்றார். பதினொன்று பத்துக்கு முடிந்தது, தீந்தை காயவில்லை. கமலாவதி அக்கா சந்தோஷத்தில் ஓடிவந்து பொம்மையின் நெற்றியில் குங்குமம் வைத்துவிட்டார். அது அப்படியே ஒட்டிக்கொண்டது, இன்னும் போகவில்லை.

திரும்பி வரும்போது வாகனத்துக்குள் கேட்டுவிட்டேன். "பிழை என்ரை எண்டு தெரியுந்தானே. பிறகேன் அப்பிடிச் சொன்னீங்கள்?"

"நாலு நாளா அந்தத் தகட்டுக்கு முன்னாலை நிண்டது ஆர் பிள்ளை? நான்தானே. எனக்கும் தெரியேல்லையே."

கொக்குவில் வந்ததும் இறங்கி, அவரும் "நாளைக்கு வரவேண்டாம்" என்பாரோ என்று பயந்து வேகமாக நடந்தேன். பின்னால் அவருடைய குரல் கேட்டது.

"தாரிகா! நாளைக்கு எட்டு மணிக்கு வந்திடு, என்ன?"

"ஓம் அண்ணை, வாறன்," என்று சொல்லத்தான் முடிந்தது. அழுகை வந்துவிட்டது.