இரண்டரைக் கரண்டி நாழிகைக் களி

மண்டபத்தை விட்டு வெளியேறி நான் மூன்று பஸ் தரிப்பிடங்களைக் கடந்துவிட்டேன். இடுப்பில் பட்டு வேட்டி, காலில் பனிச்சப்பாத்து. மோர்னிங்சைட் வீதியோரத்தில் பனி பாதி உருகிச் சேறாகக் கிடந்தது. எனக்குப் பன்னிரண்டு வயது. ஓர் இடம் சரிவராவிட்டால் நடையைக் கட்டுவது என்ற பழக்கத்தை அன்றுதான் தொடங்கினேன். அதற்குப் பிறகு நாலு நாடு, முப்பது வேலை. முதல் நடை அதுதான்.

பின்னால் வந்த கார் என்னருகே நின்றது. மாமா, அதாவது அம்மாவின் தம்பி, கண்ணாடியை இறக்கினார்.

“எங்கையடா போறாய்?”

“ஸ்ரௌவ்வில்லுக்கு.”

“அங்கை ஆர் இருக்கினம்?”

“ஒருத்தரும் இல்லை.”

“அப்ப ஏறு.”

எனக்குத் தெரிந்த இடங்களில் மிகத் தூரமானது ஸ்ரௌவ்வில். அதனால்தான் அதைச் சொன்னேன்.

அன்று அக்காவுக்குக் கலியாணம். காலை ஒன்பதுக்கும் பத்துக்கும் இடையில் தாலி கட்ட ஐயர் நேரம் குறித்திருந்தார். கனடாவில் வசந்தம் தொடங்கும்போது, ஒரு ஞாயிறு விடியுமுன், எல்லாக் கடிகாரங்களையும் ஒரு மணித்தியாலம் முன்னால் தள்ளிவிடுவார்கள். கலியாணம் அந்த ஞாயிறிலேயே அமைந்துவிட்டது. மொன்றியலில் இருந்து வந்த மாப்பிள்ளை வீட்டார் மில்லிக்கனில் ஒரு வீட்டின் பேஸ்மன்ரில், நிலவறையில் தங்கியிருந்தார்கள். சனிக்கிழமை பின்னேரம் நான் பலகாரத் தட்டுகளோடு அங்கே போனபோது, அங்கிருந்த சுவர்க் கடிகாரத்தை முன்னால் தள்ளிவிட்டு வரும்படி மாமா என்னிடம்தான் சொல்லியிருந்தார். அங்கே ரிவியில் மல்யுத்தம் போய்க்கொண்டிருந்தது. கடிகாரத்தை நான் தொடவேயில்லை.

ஞாயிறு ஒன்பதரைக்கு மாமா மண்டபத்திலிருந்து போன் எடுத்தபோது, இப்போது எட்டரைதானே, மாப்பிள்ளை குளித்து முழுகுகிறார் என்று பதில் வந்தது. மாமா என்னைத் திரும்பிப் பார்த்தார். நான் நடக்கத் தொடங்கினேன்.

காருக்குள் அவர் ஏசவில்லை. மாப்பிள்ளை வந்து வாசலில் நிற்கிறார், பெண்ணின் தம்பி காலைக் கழுவிவிடாமல் அவர் உள்ளே வர முடியாது, ஐயரோ நேரம் போய்விட்டது என்று பையைக் கட்டுகிறார் என்றார். அடுத்த முகூர்த்தம் வைகாசியில். மாப்பிள்ளையின் தாய் ஊரிலிருந்து வந்தவர். அவருடைய விசா அதற்கு முன்பே முடிந்துவிடும். தாய் இல்லாமல் மகன் தாலி கட்டமாட்டார். அக்கா இன்னும் அழவில்லை, அதுதான் தனக்குப் பயமாக இருக்கிறது என்றும் சொன்னார்.

ஒரு சிவப்பு விளக்கில் நின்றபோது, எனக்கு நாழிகைக் களி தெரியுமா என்று கேட்டார். தெரியாது என்றேன். சபை முழுவதும் அதைச் சாப்பிட்டால் போன நேரம் திரும்பி வரும் என்றார். ஒரு கரண்டிக்கு ஒரு நாழிகை. ஒரு மணித்தியாலத்துக்கு இரண்டரை நாழிகை. ஆகவே ஆளுக்கு இரண்டரைக் கரண்டி. கணக்கு அவ்வளவு சுத்தமாக வந்ததால் நான் உடனே நம்பினேன்.

மாமா ஓர் உணவகத்தில் சமையல் செய்தவர். மண்டபத்துச் சமையலறையில் கிடைத்த ரவை, சர்க்கரை, டின் தேங்காய்ப்பால் எல்லாவற்றையும் ஒரே பானையில் கொட்டிக் கிண்டினார். கிண்டக் கிண்டச் சட்டங்களும் வந்தன. கிழக்கே பார்த்துச் சாப்பிட வேண்டும். கையில் கடிகாரம் இருக்கக்கூடாது. கழற்றிய கடிகாரங்களை நான் தாம்பாளத்தில் வாங்கி, ஒவ்வொன்றையும் ஒரு மணித்தியாலம் பின்னால் திருக வேண்டும். மாப்பிள்ளை வீட்டாரின் கடிகாரங்களைத் திருகத் தேவையிருக்கவில்லை.

ஐயர் மட்டும் தரவில்லை. சாத்திரத்தில் இப்படியொரு களி இல்லை என்றார். மாமாவின் அகப்பை பாதியில் நின்றது. அதுவரை ஓரமாக இருந்த மாப்பிள்ளையின் தாய் எழுந்து வந்து ஒரு கிண்ணத்தை எடுத்தார். கிழக்கு எது என்று என்னிடம் கேட்டு, அந்தப் பக்கம் திரும்பி நின்று, ஒரு கரண்டி சாப்பிட்டார்.

“எங்கட பக்கத்திலையும் உது செய்யிறனாங்கள்,” என்றார். “ஆனா நாங்கள் ஏலக்காயும் போடுவம்.”

மாமா ஒரு கணம் அவரையே பார்த்தார். பிறகு ஏலக்காய் தேடப் போனார்.

அந்த அம்மா ஐயரிடம் திரும்பினார். “அரசாங்கம் ஒரு மணித்தியாலத்தை முழுங்கேக்கை நீங்கள் சாத்திரம் கேக்கேல்லையே ஐயா?”

ஐயர் கடிகாரத்தைக் கழற்றித் தாம்பாளத்தில் வைத்தார்.

எனக்கு அந்த அம்மாவின் சொல்லைவிடப் பெரிய சாட்சி வேண்டியிருக்கவில்லை. மாமா சொன்னது பொய்யென்றால், முன்பின் தெரியாத ஓர் ஊரிலும் அதே களி எப்படி இருக்கும்? சபை ஆளுக்கு இரண்டரைக் கரண்டி சாப்பிட்டு முடித்ததும், வாசலுக்குப் போய் மாப்பிள்ளையின் காலைக் கழுவினேன். அவர் என் விரலில் மோதிரம் போட்டுவிட்டார். திருகிய கடிகாரங்களில் பத்துக்குப் பத்து நிமிடம் இருக்கும்போது தாலி ஏறியது. அக்கா அப்போதுதான் அழுதாள்.

பின்னேரமே அவர்கள் மொன்றியலுக்குப் புறப்பட்டார்கள். கலியாணத்தைக் காப்பாற்றியவன் என்ற நினைப்பில் நான் கார் மறையும்வரை கை காட்டினேன்.

எங்கள் மாடிக் கட்டடத்தில் எழுபது கதவுகளுக்குப் பேப்பர் போடுவது அதுவரை அக்காவின் வேலை. அப்பா ஜேர்மனியில் விசாவுக்காகக் காத்திருந்தார், அம்மா கந்தோர்க் கட்டடங்களைத் துப்புரவு செய்தார். அந்த வேலையை விட வழியில்லை. திங்கள் காலை ஐந்து மணிக்கு அம்மா என்னை எழுப்பி, அக்காவின் பேப்பர்ப் பையைத் தோளில் மாட்டிவிட்டார். அவருடைய கைக்கடிகாரத்தையும் நான்தான் பின்னால் திருகியிருந்தேன் என்பது இருவருக்கும் நினைவில்லை. ஒரு மணித்தியாலம் பிந்திப் போனதால் கதவுகளில் ஆட்கள் நின்று முறைத்தார்கள். அவர்கள் களி சாப்பிடாதவர்கள். அந்த வேலையை நாலு வருடம் செய்தேன். பள்ளிக்கூடத்தில் நான் பெரும்பாலும் தூங்கியது அதனால்தான்.

பையின் வார் அக்காவின் உயரத்துக்கு விடப்பட்டிருந்தது. ஒவ்வொரு படியிலும் பை என் முழங்காலில் இடித்தது. வாரைச் சுருக்கலாம் என்று கொக்கியில் கை வைத்தேன். அக்கா திரும்பி வந்து மாட்டும்போது அவளுக்குக் கரைச்சலாக இருக்கும் என்று அப்படியே விட்டுவிட்டு, அடுத்த மாடிக்கு ஏறினேன்.