கன்டினியூட்டிக்காக வைத்த மீசை

இருபது வருடமாக நடிக்கிறேன். தாசில்தார், ஏட்டு, கல்யாணப் பெண்ணின் பெரியப்பா, இப்படி. பெயர் யாருக்கும் தெரியாது. "நீங்க சீரியல்ல வருவீங்கல்ல?" என்பதோடு சரி. வேங்கிக்காலிலிருந்து பஸ் பிடித்துச் சென்னைக்குப் போய், நாலு வரி பேசிவிட்டுத் திரும்புவேன். ஒருவழியாக ஒரு சீரியலில் வக்கீல் வேஷம் கிடைத்தது. கோர்ட்டில் முழுசாக இரண்டு பக்க வசனம். அதற்கு முந்திய காட்சிகளை எடுத்து, அவை டிவியிலும் வந்துகொண்டிருந்தபோது அப்பா தவறிப்போனார்.

நான் மூத்தவன், கொள்ளி வைத்தவன். பதினாறாம் நாள் காரியத்தில் தலைமுடியோடு மீசையையும் எடுத்தாக வேண்டும். எங்கள் பக்கம் இதில் பேச்சுக்கே இடமில்லை. முந்தின நாள் புரொடக்‌ஷன் மேனேஜர் போன் செய்தார்.

"சார், தலைக்கு விக் வெச்சிக்கலாம். மீசைய மட்டும் தொடாதீங்க. ஒட்டு மீசைன்னா குளோசப்ல தெரிஞ்சிடும், முன்னாடி எடுத்த சீனோட ஒட்டாது, கன்டினியூட்டி போயிடும்."

"எங்கப்பா காரியம்ங்க."

"புரியுது சார். நாலு நாள்ல ஷூட்டிங், அதுவரைக்கும்தான். இல்லன்னா வேற ஆளப் போட்டுடுவாங்க."

நாலு வார்த்தை நறுக்கென்று கேட்டிருக்க வேண்டும். "சரிங்க" என்றேன். அதை நினைத்தால் இன்றும் பற்றிக்கொண்டு வருகிறது, அவர்மேல் அல்ல.

காரியம் அடி அண்ணாமலையில், குளத்தங்கரையில் நடந்தது. மொட்டை போட்டு முடித்தவர் கத்தியை மீசைக்குக் கொண்டுவந்தார். கையால் மூடிக்கொண்டேன்.

"ஏண்டா, அப்பன விட டிவிக்காரன் ஜாஸ்தியா போயிட்டானா?" என்று சித்தப்பா கத்தினார். மீசை எடுத்து உட்கார்ந்திருந்த தம்பி என் பக்கம் திரும்பவே இல்லை. அன்று பௌர்ணமி வேறு. கிரிவலம் போன ஒருவர் கூட்டத்தைப் பார்த்து இறங்கி வந்தார். ஈர வேட்டியோடு நிற்கிறேன், "வக்கீல் சார்தானே? ஒரு செல்ஃபி" என்கிறார். கூடவே, "மொட்டை அடிச்சும் மீசை கெத்தா இருக்கு சார்" என்று பாராட்டு. அறையலாம் போலிருந்தது. அம்மா மட்டும் தலையைத் துடைக்கத் துண்டை நீட்டினாள்.

நாலாம் நாள் செட்டில் விக்குக்குள் அரிப்பெடுக்க அந்த வசனத்தை ஒரே டேக்கில் பேசினேன். யூனிட்டே கைதட்டியது.

ஒரு மாதம் கழித்து அந்தக் காட்சி வந்தது. அம்மாவோடு உட்கார்ந்து பார்த்தேன். கதாநாயகி அழுகிறாள், அழுகிறாள், அழுதுகொண்டே இருக்கிறாள். என் வசனத்தை வெட்டிவிட்டு வயலினைப் போட்டிருந்தார்கள்.

"நீ எங்கடா?" என்றாள் அம்மா.

"அதோ, அந்தக் கறுப்பு கோட்டும்மா. தோள் தெரியுது பாரு."

அவள் சீரியல் முடியும்வரை அந்த இடத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். எனக்கு வெட்கமாக இருந்தது.

மறுநாள் காலை எழுந்ததும் மீசையை வழித்தேன். முகத்தைத் துடைத்துக்கொண்டு சமையலறைக்குப் போனேன். அம்மா டீயை ஆற்றிக்கொண்டிருந்தாள். நிமிர்ந்து ஒருமுறை பார்த்தாள்.

"இப்ப எதுக்குடா எடுத்த?" என்றாள்.