கதைப்பதற்கு மட்டும் அதிகாரம்

எங்கள் சிறுநகரத்துப் பொலிஸ் நிலையத்தை மூடியபோது, ஐம்பது கிலோமீற்றர் தள்ளியிருக்கும் பெரிய நகரத்திலிருந்து இனி இன்னும் நல்ல சேவை கிடைக்கும் என்று கடிதம் வந்தது. கொம்யூன், அதாவது எங்கள் நகரசபை, அதை நம்பவில்லை. சொந்தமாகக் காவலர்களை நியமித்தது. இரண்டே பேர். ஒருவர் ஓய்வுபெற்ற டெனிஷ் தபால்காரர். மற்றது நான். நான் வேலைசெய்த இறைச்சித் தொழிற்சாலையும் அப்போது மூடியிருந்தது.

பயிற்சி இரண்டு நாள். முதல் நாள் முழுக்க நாங்கள் செய்யக் கூடாதவற்றைச் சொல்லித் தந்தார்கள். ஒருவரையும் மறிக்கவோ தொடவோ கூடாது. ஒருவருடைய பொருளிலும் கை வைக்கக் கூடாது. செய்யக்கூடியவை மறுநாள் மத்தியானத்துக்கு முன்பே முடிந்துவிட்டன: சனங்களோடு கதைக்கலாம், பொலிசுக்கு ரெலிபோன் எடுக்கலாம். மனைவி அதற்குள் சொந்தக்காரர் எல்லோருக்கும் எனக்குப் பொலிஸ் வேலை கிடைத்துவிட்டதாகச் சொல்லியிருந்தாள். "நீங்கள் ஒருத்தருக்கும் விளக்கம் சொல்லவேண்டாம்" என்றாள்.

ஒரு சனிக்கிழமை பின்னேரம் விளையாட்டு மண்டபத்துக்குப் பக்கத்து வீட்டு டெனிஷ் ஆசிரியை அழைத்தார். பாட்டுச் சத்தத்தில் அவர் வீட்டு யன்னல்கள் அதிர்கின்றனவாம். போய்ப் பார்த்தால் மண்டபத்தில் என் நண்பருடைய மகளின் சாமத்தியவீடு, பூப்புனித நீராட்டு விழா. வேலை நாள், வர முடியாது என்று நான் ஏற்கெனவே சொல்லியிருந்தேன். காவலர் வேலைக்குத் தந்த மஞ்சள் ஜாக்கெட்டோடு என்னைக் கண்டதும், வேலையையும் விட்டுவிட்டு வந்திருக்கிறேன் என்று நினைத்து நண்பர் கட்டிப்பிடித்தார். சத்தத்தைப் பற்றிச் சொன்னேன். "ஓம் அண்ணை, குறைக்கிறம். முதல் சாப்பிடுங்கோ" என்றார். திரும்பிப் பார்த்தேன். தபால்காரர் இரண்டாவது ரோல்ஸைக் கடித்துக்கொண்டிருந்தார்.

பாட்டுப் போட விபோர்க் நகரத்திலிருந்து வந்திருந்த பெடியன் நியாயமான ஒரு கேள்வி கேட்டான்.

"குறைக்காட்டி என்ன செய்வீங்கள், அங்கிள்?"

"திரும்பவும் வந்து கதைப்பன்."

அவன் யோசித்துவிட்டுச் சத்தத்தைக் கொஞ்சம் கூட்டினான். தபால்காரர் பொலிசுக்கு அழைத்தார். வருகிறோம் என்றார்கள். காத்திருக்கும் நேரத்தில் என் கையிலும் ஒரு தட்டு வந்து சேர்ந்தது.

அப்போதுதான் ஆசிரியை வாசலில் வந்து நின்றார். என் முகத்தைப் பார்த்தார். பிறகு தட்டில் இருந்த வடையைப் பார்த்தார். திரும்பிப் போனார். தட்டை வைத்துவிட்டு நேரே போய் ஒலிபெருக்கியின் வயரைச் சுவரிலிருந்து இழுத்தேன்.

மண்டபமே அமைதியானது. "இவ்வளவு சனத்துக்கு முன்னால, அண்ணை" என்றார் நண்பர், மெதுவாக.

இரண்டு மணித்தியாலம் கழித்து, விருந்தினர் எல்லோரும் போனபின், உண்மையான பொலிஸ் வந்தது. இரண்டு இளம் ஆட்கள், மிக மரியாதையாக விசாரித்தார்கள். சத்தம் போட்டவர்கள் மேல் இப்போது முறைப்பாடு ஏதுமில்லை. மற்றவருடைய கருவியில் கை வைத்தவன் நான் ஒருவன்தான். என் பெயரை மட்டும் எழுதிக்கொண்டு போனார்கள்.

தபால்காரர் எங்கள் அறிக்கையில் "உரையாடலுக்குப் பின் சத்தம் நின்றது" என்று எழுதினார். உள்ளூர்க் காவலுக்கு இதுவே நல்ல உதாரணம் என்று கொம்யூன் தன் செய்திமடலில் போட்டது. எங்கள் ஒப்பந்தத்தையும் நீட்டியது.

நண்பர் ஐந்து மாதம் என்னோடு கதைக்கவில்லை. நானும் நாலுதரம் அவர் வீட்டு மணியை அடித்துவிட்டுத் திரும்பினேன். ஐந்தாம் தரம் கதவைத் திறந்தார். மஞ்சள் ஜாக்கெட்டைக் கழற்றிவிட்டு உள்ளே வரச் சொன்னார்.