சாச்சா என்று கூப்பிட்டவர்

சீனப் படங்களின் பெரிய நாயகரும் டைரக்டருமான ஒருவர் எங்கள் சாச்சாவை ‘சாச்சா’ என்றுதான் கூப்பிடுவார் என்று எங்கள் வீட்டில் எல்லோரும் நம்பினோம். வாப்பாவின் தம்பியை நாங்கள் அப்படி அழைப்பதில் என்ன அதிசயம்? வாளும் குதிரையுமாகத் திரையில் பாய்கிற ஒருவர் அழைப்பதல்லவா பெருமை. அவர் வாயில் அது ‘மோலோச்சா’ என்று வருமாம். ‘மோலோ’ என்பது மரியாதைக்காக முன்னால் சேர்ப்பது என்று உம்மா பொருள் சொல்வார். சாச்சா அந்தப் பொருளை ஒருநாளும் சொன்னதில்லை, மறுத்ததுமில்லை. எங்களுக்கு அவர் மோலோச்சா ஆகிப் போனார். அப்படிக் கூப்பிட்டால், “என்னம்மா?” என்று உடனே திரும்புவார்.

எழுபதுகளின் பிற்பகுதி அது. துபாயில், கராமாவில் புதிதாகக் கட்டிய ஃபிளாட் ஒன்றில் இருந்தோம். கடலோடைக்கு அக்கரையில், தேராவில், வாப்பாவுக்குத் துணிக்கடை. சாச்சா அங்கே துணி கிழித்துக் கொடுத்துக்கொண்டிருந்தார். அதற்கு முன் ஹாங்காங்கில் ஊர்க்காரர் ஒருவரின் ரத்தினக்கல் வியாபாரத்தில் இருந்தவர். வியாபாரம் நொடித்து முதலாளி ஊர் திரும்பியபோது, கைவிடப்பட்ட சாச்சாவுக்கு ஸ்டூடியோவில் சில்லறை வேடங்கள் சோறு போட்டன. வாப்பாவின் தம்பி என்பதைத் தவிர துணிக்கடையில் அவருக்கு இருந்த மதிப்பெல்லாம் அந்த ஸ்டூடியோக் கதைகளால் வந்ததுதான்.

கதைகள் முழுக்க அந்த டைரக்டரைப் பற்றியவை. சிறு பையனாக அவர் பிற நடிகர்களுக்குப் பதிலாகக் கூரையிலிருந்து விழுந்தது; வில்லனின் அடியாட்களில் கடைசி ஆளாக நின்று உதை வாங்கியது; பிறகு நாயகனானது; நாயகனாக இருந்துகொண்டே கேமராவுக்குப் பின்னாலும் போய் உட்கார்ந்தது. “விழுந்து விழுந்தே எந்திரிச்ச மனுசன்,” என்பார் சாச்சா. அடுத்த படத்தில் தனக்கு வசனம் உண்டென்று டைரக்டர் சொல்லியிருந்ததாகவும் சொல்வார். அந்த வாழ்க்கை ஏணியின் கீழ்ப்படியில் தன் காலையும் அவர் மனத்துக்குள் வைத்திருந்தார் என்று இப்போது தோன்றுகிறது.

ஊரில் பெண் பார்த்தபோதும் இந்தப் பெருமைதான் முன்னால் போயிற்று. சினிமா என்று பெரியவர்களிடம் சொல்ல முடியாது. எங்கள் ஊரில் சினிமாக் கொட்டகையே கிடையாது. ‘சீனத்துப் பெரிய மனிதர் ஒருவர் சாச்சா என்று அழைத்த பிள்ளை’ என்று மட்டும் சொன்னார்கள். சாச்சி அந்தப் பேச்சை நம்பிக் கழுத்தை நீட்டியவர்.

சாச்சி துபாய்க்கு வந்த சில மாதங்களில், அந்த டைரக்டர் நாயகனாகவும் சாச்சா ஒரு சின்ன வேடத்திலும் நடித்த படமும் தேராவுக்கு வந்தது. சுவரொட்டியைப் பார்த்து வந்து சொன்னவர் வாப்பாதான். எங்களுக்கெல்லாம் பெருநாள் வந்ததுபோல இருந்தது. சாச்சா மட்டும் முதலில் பிரிண்ட் பழசு என்றார். பிறகு தன் காட்சியை வெட்டியிருப்பார்கள் என்றார். கடைசியில், பெண்கள் பார்க்கிற படமில்லை என்றார். சாச்சி விடவில்லை. “உங்களத்தான் பாக்க வாறேன், படத்தயா பாக்க வாறேன்?”

வாப்பா வாய்விட்டுச் சிரித்தார். சாச்சாவின் சாக்குகளை அடக்கம் என்றே நாங்கள் எடுத்துக்கொண்டோம்.

வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்து, அப்ரா படகில் ஓடையைக் கடந்து போனோம். வெள்ளைத் துப்பட்டிக்குள் சாச்சியின் முகம் கல்யாணத்தன்று இருந்ததைவிட மலர்ந்திருந்தது. இங்கிலீஷ் பள்ளியில் படிக்கிறவள் என்பதால், திரையின் அடியில் ஓடுகிற எழுத்தைப் படித்துச் சொல்கிற வேலை எனக்கு.

ஒரு மாளிகையின் வாயில். தலைப்பாகையும் ஒட்டுத்தாடியுமாகக் காவலாளி ஒருவர். ஒரு காலில் சாய்ந்து நின்ற விதத்தைப் பார்த்து முதலில் கண்டுபிடித்தவர் சாச்சி. எங்கள் வரிசை முழுக்கக் கை தட்டியது. பழிவாங்க வந்த நாயகன் வாளின் உறையைக் காவலாளியின் நெஞ்சில் வைத்து, கொட்டகை அதிர, “மோலோச்சா!” என்றான்.

உம்மா சாச்சியின் கையைப் பிடித்துக் குலுக்கினார். “கேட்டியா புள்ள, சாச்சாங்கறாஹ!”

அடுத்த நொடி ஓர் உதை. சாச்சா உருண்டார். நாயகன் அவரைத் தாண்டி உள்ளே போனான். அதன் பிறகு அவர் படத்தில் இல்லை.

முன்வரிசையில் கப்பலிலிருந்து இறங்கி வந்த சீன மாலுமிகள் சிலர் இருந்தார்கள். அவர்கள் உரக்கச் சிரித்தார்கள். அந்தச் சிரிப்பு உதைக்கு எழுந்ததல்ல. அதற்கு முன்பே, அந்தச் சொல்லுக்கு எழுந்தது. சாச்சா என்பது அவர்களுக்கும் பிடித்திருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன். ஆனால் என் கண்முன் ஓடிய எழுத்து வேறாக இருந்தது.

“கீழே ‘ஏய்’னுதான் சாச்சா போட்டிருக்கு.”

“எழுத்துல மரியாதை வராதும்மா,” என்றார். அவர் திரையைப் பார்க்கவில்லை. சாச்சியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

திரும்புகையில் படகில் உம்மா ஓயவில்லை. “உதைச்சாலும் முறை சொல்லித்தானே உதைச்சாஹ!” எல்லோரையும்விட உரக்கச் சிரித்தவர் சாச்சா. சாச்சி மட்டும் தண்ணீரைப் பார்த்தபடி, “வலிச்சுதா?” என்று கேட்டார்.

“அவுஹ கால் மேல படாது. நாமளாத்தான் விழணும். அதான் தொழில்.”

அதற்குப் பிறகு அவர் ஸ்டூடியோக் கதை சொல்லவில்லை. உம்மா சொன்னார், ஊர் வரைக்கும் சொன்னார். எங்கள் ஊரில் குடும்பத்துக்கொரு பட்டப்பெயர் உண்டு; ஒட்டிவிட்டால் வீட்டோடு போகும். துபாய் உழைப்பில் சாச்சா கட்டிய வீட்டின் நிலைக்கு மேல் வேறொரு நல்ல பெயரைக் கல்லில் பொறித்து வைத்தார். அதை யாரும் படிக்கவில்லை. அது மோலோச்சா வீடு.

பின்னாளில் வெளிநாட்டில் படித்தபோது, ஹாங்காங்கிலிருந்து வந்த ஆசிரியை ஒருவரிடம் இந்தக் கதையைப் பெருமையாகச் சொன்னேன். அவர் தேநீர்க் கோப்பையைக் கீழே வைத்துவிட்டார். அது எங்கள் நாட்டுக் கறுத்த ஆட்கள்மேல், முதலில் காவல்காரர்கள்மேல், அங்கே எறிகிற வசைச்சொல் என்றும், முகத்துக்கு நேரே சொல்லத் தகாதது என்றும் சொன்னார்.

அந்த டைரக்டரை முதுமையில் கொண்டாடினார்கள். படங்களைப் புதுப்பித்துத் திரையிட்டார்கள். நானும் போய்ப் பார்த்தேன். நல்ல படங்கள், என் கசப்பே அதுதான். கேமராவை எங்கே வைப்பதென்று அவருக்குத் தெரிந்திருந்தது. காவலாளியை எங்கே வைப்பதென்றும்.

சாச்சாவோ ஹாங்காங்கில் சீனக் கல் வியாபாரிகளிடம் அவர்கள் பாஷையிலேயே பேரம் பேசியவர். அவருக்குத் தெரியாமல் இருந்திருக்க வழியில்லை. தெரிந்தேதான், நாங்கள் ஆசையோடு கூப்பிட்ட ஒவ்வொரு முறையும், “என்னம்மா?” என்று திரும்பியிருக்கிறார். முன்வரிசைச் சிரிப்பைக் கேட்ட சிறுமிக்கு அந்தத் திரும்பலின் விலை விளங்கவில்லை.

அவர் இறந்த அன்று பள்ளிவாசல் ஒலிபெருக்கியில் பட்டப்பெயரைச் சொல்லித்தான் அறிவித்தார்கள். வாப்பாவும் உம்மாவும் அதற்கு முன்பே போய்விட்டார்கள். அந்தச் சொல்லின் பொருளை நான் ஊரில் யாரிடமும் சொல்லவில்லை. சாச்சி இருக்கிறார், மோலோச்சா வீட்டில்.